அயல்நாட்டுக் கனியும் நம் வீட்டுத் தொக்கும்

வரலாறு என்றவுடன் அரசர்களும் போர்களும் உடன்படிக்கைகளும் நம் நினைவுக்கு வருகின்றன. ஆனால் ஒரு சமுதாயம் எங்கிருந்து வந்தது, யாரோடு பழகியது, எதை ஏற்றது, எதைத் தள்ளியது என்பதையெல்லாம் அதன் அடுக்களையும் பதிந்து வைத்திருக்கிறது. அந்தப் பதிவேட்டைப் புரட்டிப் பார்க்கப் பெரும் புலமை வேண்டுவதில்லை, அன்றாடம் உண்ணும் ஒரு பண்டத்தை எடுத்துக் கொண்டு, அதிலுள்ள ஒவ்வொரு பொருளையும் "நீ எவ்வூர்?" என்று வினவினால் போதும்.

இம்மலருக்காக நான் எடுத்துக் கொண்ட பண்டம் தக்காளித் தொக்கு. மாதுங்காவிலாயினும், தாராவியிலாயினும், செம்பூரிலாயினும், தமிழர் இல்லத்தில் ஒரு சீசாவிலேனும் அது இருக்கும். காலையில் இட்டிலிக்கும், பகலில் தயிர் சாதத்திற்கும், இரவில் சப்பாத்திக்கும், ஊருக்குப் போகும் ரயிலில் பொட்டலச் சோற்றுக்கும் அதுவே துணை. "இது பாட்டி காலத்துப் பண்டம்" என்று பெருமையோடு கூறுகிறோம். பாட்டி காலத்தது என்பது மெய்யே. ஆனால் அந்தப் பாட்டியின் பாட்டிக்கு இது தெரிந்திருக்குமா என்பது ஐயத்திற்குரியது. தொக்கின் வரலாற்றை ஆராய்ந்தால், நம்முடையது என்பது யாது, அயலாருடையது என்பது யாது என்ற கேள்விக்கே ஒரு விடை கிடைக்கும். பிழைப்பை நாடி இந்நகருக்கு வந்து நிலைத்த நமக்கு அக்கேள்வி வெறும் ஏட்டுக் கேள்வி அன்று.

பெயர்கள் கூறும் சாட்சி

முதலில் தக்காளியின் பெயரையே பார்ப்போம். தக்காளி என்னும் சொல் தமிழில் முன்பே இருந்தது. ஆனால் அது குறித்தது இன்றைய சிவந்த பெருங்கனியை அன்று. மணத்தக்காளி முதலிய சிறு கனிகளையே குறித்தது. கடல் கடந்து புதிய கனி வந்தபோது அதனைச் "சீமைத் தக்காளி" என்றனர். நாளடைவில் "சீமை" என்னும் அடைமொழி உதிர்ந்து போயிற்று. இன்று வெறுமனே தக்காளி என்றால் புதிதாக வந்த கனியே நினைவுக்கு வருகிறது; பழைய உரிமைக்காரியை மணத்தக்காளி என்று விரித்துச் சொன்னால்தான் விளங்குகிறது.

பிற மொழியினரும் இவ்வாறே செய்தனர். மராத்தியில் தக்காளிக்கு "வேல்வாங்கி", அதாவது கொடிக்கத்தரி என்றொரு பெயர் உண்டு. வங்காளியர் அதனைச் "சீமைக் கத்தரி" என்னும் பொருளில் "பிலாத்தி பேகுன்" என்றனர். தாவர நூலாரும் தக்காளியைக் கத்தரிக் குடும்பத்திலேயே சேர்க்கின்றனர். எழுத்தறியாத குடியானவர்களும் கனியின் இனத்தைச் சரியாகவே கண்டு கொண்டனர் என்பது வியப்பிற்குரியது.

மிளகாயின் கதையும் இதுவே. மிளகைப் போல் காரமுள்ள காய் ஆதலின் மிளகாய் எனப்பட்டது. மராத்தியரின் "மிர்ச்சி" என்பதும் மிளகைக் குறிக்கும் "மரீச" என்னும் வடசொல்லின் வழி வந்ததே. மேற்கு இந்தியாவில் மிளகாயைக் "கோவை மிர்ச்சி" என்றும் ஒரு காலத்தில் வழங்கினர். கோவா வழியாக வந்த காரம் என்பது பொருள். இன்றும் நாம் இந்நகரில் உருளைக்கிழங்கைப் "படாடா" என்கிறோம், ரொட்டியைப் "பாவ்" என்கிறோம். இரண்டும் போர்த்துக்கீசியச் சொற்களே.

கப்பல்கள் வந்த வழி

தக்காளியும் மிளகாயும் அமெரிக்கக் கண்டத்தின் செல்வங்கள். 1492-இல் கொலம்பஸ் அக்கண்டத்தின் தீவுகளை அடைவதற்கு முன், நம் நாட்டில் எவரும் இவற்றைக் கண்டதில்லை. 1498-இல் வாஸ்கோ ட காமா கோழிக்கோட்டை அடைந்தார். 1510-இல் கோவாவும் 1534-இல் குஜராத் சுல்தானிடமிருந்து பம்பாய்த் தீவுகளும் போர்த்துக்கீசியர் வசமாயின. இக்கப்பல்களின் வழியே மிளகாய் வந்து சேர்ந்தது. அது பரவிய வேகம் பெரிது. 1542-இல் ஜெர்மானிய அறிஞர் பூக்ஸ் என்பவர் தம் மூலிகை நூலில் மிளகாயைக் கோழிக்கோட்டு மிளகு என்றே குறித்தார். அரை நூற்றாண்டுக்குள்ளாகவே அது இந்தியப் பொருள் என்று ஐரோப்பியர் மயங்கும் அளவிற்கு இங்கே வேரூன்றி விட்டது போலும்!

இவ்விடத்தில் இந்நகரோடு தொடர்புடைய ஒருவரை நினைவு கூர்தல் தகும். கார்சியா ட ஓர்ட்டா என்னும் போர்த்துக்கீசிய மருத்துவர் பம்பாய்த் தீவைக் குத்தகைக்குப் பெற்றிருந்தார். இந்நாட்டு மூலிகைகளையும் மருந்துப் பொருள்களையும் பற்றி அவர் எழுதிய நூல் 1563-இல் கோவாவில் அச்சாயிற்று. மிளகு, புளி, மாங்காய், பெருங்காயம் ஆகியவற்றையெல்லாம் அவர் அதில் ஆராய்ந்திருக்கிறார். நம் ஊறுகாய் ஜாடியின் சரக்குகளைப் பற்றி ஐரோப்பிய முறையில் எழுந்த முதல் ஆராய்ச்சிகளுள் ஒன்று இத்தீவின் குத்தகைக்காரரால் எழுதப்பட்டது என்பது நமக்கெல்லாம் மகிழ்ச்சி தரும் செய்தி.

மிளகாய் விரைந்து பரவியது. தக்காளியோ மெல்லவே நடந்து வந்தது. 1889 முதல் 1893 வரை வெளிவந்த ஜார்ஜ் வாட் என்பாரின் இந்தியப் பொருளகராதி, தக்காளி இந்நாட்டில் பெரும்பாலும் ஐரோப்பியருக்காகவே பயிரிடப்பட்டு வந்தது என்றும், மக்கள் அப்போதுதான் அதனை விரும்பத் தொடங்கினர் என்றும் தெரிவிக்கிறது. தக்காளி ரசமும் தக்காளித் தொக்கும் நம் வீடுகளில் பரவலாக இடம் பெற்று ஒரு நூறு, நூற்றிருபது ஆண்டுகளே ஆகியிருக்கும் என்று இதனால் நாம் கருதலாம்.

திவசச் சமையலின் சாட்சி

"இதற்கு நம்மிடையே சான்று உண்டா?" என்று அன்பர்கள் கேட்கலாம். உண்டு. பல குடும்பங்களில் முன்னோர்க்குத் திதி கொடுக்கும் நாளில் சமைப்பதைக் கவனியுங்கள். அன்று மிளகாய் இல்லை. காரத்திற்கு மிளகே இடப்படும். தக்காளி இல்லை, உருளைக்கிழங்கு இல்லை, கோசு இல்லை. வாழைக்காய், பாகற்காய், புடலங்காய், சேப்பங்கிழங்கு, பிரண்டை ஆகியவையே இலையில் இடம் பெறும். பூரி ஜகந்நாதர் ஆலயத்து மடைப்பள்ளியிலும் தக்காளியும் உருளைக்கிழங்கும் புகுவதில்லை.

நாம் இதனை ஆசாரம் என்று மட்டும் எண்ணுகிறோம். வரலாற்று நோக்கில் அது ஓர் ஆவணக் காப்பகம். முன்னோர்க்கு அவர்கள் அறிந்த உணவையே படைக்க வேண்டும் என்ற எண்ணத்தால், கப்பல்கள் வருவதற்கு முந்திய தமிழர் சமையல் ஆண்டுக்கு ஒரு நாள் நம் வீட்டிலேயே உயிர் பெற்று எழுகிறது. மறுநாள் காலையில் அதே அடுப்பில் மிளகாயும் தக்காளியும் ஏறுகின்றன. ஒரே அடுப்பு ஐந்து நூற்றாண்டுகளை இரண்டு நாட்களில் கடந்து விடுகிறது!

தொக்கிலுள்ள பிற பொருள்களையும் வினவுவோம். புளிய மரத்தின் தாயகம் ஆப்பிரிக்கா. ஆனால் மிகப் பழங்காலத்திலேயே நம் நாட்டில் வேரூன்றியமையால், அராபியர் அதனை "இந்தியப் பேரீச்சை" என்று பெயரிட்டு அழைத்தனர். பெருங்காயம் ஈரான், ஆப்கானிஸ்தான் நாடுகளின் வறண்ட மலைகளில் விளைவது. வெந்தயம் மேற்கு ஆசியப் பகுதியினது. மிஞ்சுவது நல்லெண்ணெய். எள் இந்த மண்ணின் பயிர். சிந்துவெளி மக்களும் அறிந்தது. எள்ளின் நெய் என்பதே எண்ணெய் ஆயிற்று. ஆக, நம் ஜாடியில் தலைமுறை தலைமுறையாக உள்ளூர்க்காரர் என்று ஐயமின்றிக் கூறத்தக்கவர் எண்ணெய். ஏனையோரில் பெரும்பாலோர் நம்மைப் போல் வந்து குடியேறியவர்கள்!

உலகெங்கும் ஒரே முயற்சி

பழுத்த காய்கனிகளைச் சுண்ட வைத்துப் புளிப்பும் காரமும் இனிப்பும் கூட்டிச் சேமிப்பது எல்லா நாட்டினரும் செய்த காரியம். தென் சீனத்து ஹொக்கியன் மொழியில் "கே-சியாப்" என்பது மீனை உப்பிலிட்டுப் புளிக்க வைத்த சாறு. கீழ்க்கடல் நாடுகளில் வாணிபம் செய்த ஆங்கிலேயர் அதன் சுவைக்கு மயங்கித் தம் நாட்டில் காளானைக் கொண்டும் வால்நட் காயைக் கொண்டும் அதனைப் போலச் செய்து பார்த்தனர். 1812-இல் அமெரிக்காவின் பிலடெல்பியா நகரத்து மருத்துவர் ஜேம்ஸ் மீஸ் என்பவர் தக்காளியைக் கொண்டு அதனைச் செய்யும் முறையை வெளியிட்டார். மீன் சாற்றின் பெயர் தக்காளிச் சாற்றுக்கு வந்த கதை இதுவே. இன்று நம் பிள்ளைகள் சமோசாவுக்குத் தொட்டுக் கொள்ளும் "கெச்சப்" இதுதான்.

அமெரிக்கர் நெருப்பில் வாட்டிய இறைச்சிக்குச் சேர்க்கும் "பார்பெக்யூ சாஸ்" என்பதும் இக்குடும்பத்ததே. கரீபியத் தீவுகளின் பழங்குடியினரான டாயினோ மக்கள் நெருப்பின் மேல் அமைத்த மரச்சட்டத்தை "பார்பகோவா" என்றனர். அப்பெயரே திரிந்து வழங்குகிறது. கரோலினாப் பகுதியில் அச்சாற்றைக் காடியும் மிளகாயும் கொண்டு செய்வர். கான்சாஸ் நகரில் தக்காளியும் வெல்லப்பாகும் சேர்த்துக் கெட்டியாகச் செய்வர். புளிப்பு, காரம், இனிப்பு, புகை மணம் ஆகிய நான்கும் சேர்ந்தால் அச்சாறு. நெருப்பில் சுட்ட கத்தரிக்காயைப் புளியும் மிளகாயும் சேர்த்து மசிக்கும் நமக்கும், மராத்தியரின் பரீத்தை அறிந்தவர்க்கும் அச்சுவை புதிதன்று.

ஆங்கில நாட்டில் லீ, பெரின்ஸ் என்னும் இருவர் 1837-இல் விற்பனைக்குக் கொண்டு வந்த வூஸ்டர் சாஸில் நம் புளியும் கலந்திருக்கிறது. இத்தாலியின் நேப்பிள்ஸ் நகரில் அந்தோனியோ லத்தீனி என்பவர் 1690-களில் வெளியிட்ட சமையல் நூலில் தக்காளிச் சாறு ஒன்று உண்டு. தக்காளியைத் தணலில் சுட்டுத் தோலுரித்து, வெங்காயமும் மிளகாயும் நறுக்கிச் சேர்த்து, உப்பும் எண்ணெயும் காடியும் விட்டுக் கலப்பது அது. காடிக்குப் பதில் புளியை இட்டால் நம் வீட்டுத் துவையலுக்கு எவ்வளவு அண்மையில் நிற்கிறது!

செய்முறையும் அதன் காரணமும்

ஒரு கிலோ நன்கு பழுத்த நாட்டுத் தக்காளியைக் கழுவி, ஈரம் போகத் துடைத்து நறுக்குக. எலுமிச்சம்பழ அளவு புளியைத் தக்காளிச் சாற்றிலேயே ஊற வைத்து இரண்டையும் அரைத்துக் கொள்க, தண்ணீர் சேர்த்தலாகாது. அடி கனத்த பாத்திரத்தில் 150 மில்லி நல்லெண்ணெயைக் காய வைத்துக் கடுகு தாளித்து, விழுதை இட்டு, இரண்டு மேசைக் கரண்டி மிளகாய்ப் பொடி, மஞ்சள், தேவையான உப்பு சேர்த்துச் சிறு தீயில் கிளறி வருக. முக்கால் மணி முதல் ஒரு மணி நேரம் வரை பொறுமை வேண்டும். சுண்டிச் சுருண்டு எண்ணெய் ஓரத்தில் பிரிந்து நிற்கும் போது, வறுத்துப் பொடித்த வெந்தயம் அரைத் தேக்கரண்டியும் பெருங்காயமும் ஒரு சிறு கட்டி வெல்லமும் சேர்த்து இறக்குக. நன்கு ஆறிய பின்னரே உலர்ந்த ஜாடியில் இடுக. ஈயம் பூசாத பித்தளைப் பாத்திரத்தைத் தவிர்க்க. புளிப்பு களிம்பேற்றி விடும்.

இதன் ஒவ்வொரு படியிலும் ஒரு காரணம் உண்டு. தக்காளியில் நூற்றுக்குத் தொண்ணூற்று நான்கு பங்கு நீரே. அந்நீர் இருக்கும் வரை நுண்ணுயிர்களுக்குக் கொண்டாட்டம். சுண்ட வைப்பதால் நீர் நீங்குகிறது. புளியும் உப்பும் எஞ்சிய இடத்தை அவை வாழத் தகாததாக்குகின்றன. மேலே மிதக்கும் எண்ணெய் காற்றைத் தடுக்கிறது. "எண்ணெய் பிரிய வேண்டும்" என்று நம் அன்னையர் கூறுவது நீர் வற்றியதற்கான அடையாளம். அவர்களிடம் அளவுகோல் இல்லை, கண்ணே அளவுகோல். தக்காளி கெச்சப்பில் கரைந்த திடப்பொருள் நூற்றுக்கு 25 பங்குக்குக் குறையலாகாது என்று நம் நாட்டுச் சட்டம் விதிக்கிறது. ஆய்வுக் கூடம் கருவி கொண்டு அளப்பதை அடுப்படி கண் கொண்டு அளந்தது.

புட்டியில் அடைத்த சாஸின் வரலாற்றிலும் ஒரு பாடம் உண்டு. அமெரிக்காவில் ஒரு காலத்தில் அழுகல் தக்காளியையும் கழிவையும் கொண்டு கெச்சப் செய்து, பென்சோயேட் என்னும் பதப்படுத்தும் மருந்தைச் சேர்த்து விற்றோர் பலர். 1906-இல் அந்நாட்டில் தூய உணவுச் சட்டம் பிறந்த காலத்தில் இதனைப் பற்றிப் பெருவழக்கு எழுந்தது. நன்கு பழுத்த தக்காளியும் கூடுதலான காடியும் சர்க்கரையும் இருந்தால் மருந்தே வேண்டியதில்லை என்பது அதன் பின் நிலைநாட்டப்பட்டது. இன்றைய கெச்சப்பின் மிகுந்த இனிப்பிற்கும் அதுவே ஒரு காரணம். நம் தொக்கு அந்த வேலையைச் சர்க்கரையிடம் ஒப்படைக்காமல் புளியிடமும் எண்ணெயிடமும் ஒப்படைத்தது.

பார்சல் அலுவலகத்தில் பணிபுரிவோர் நன்கறிந்த ஒன்று, தக்காளி காத்திருக்கும் சரக்கு அன்று என்பது. நாசிக்கிலும் நாராயண்காவிலும் விளைந்து இந்நகருக்கு வரும் தக்காளி, 2021 ஆகஸ்டில் விலை வீழ்ந்தபோது குடியானவர்களால் சாலையில் கொட்டப்பட்டது. 2023 ஜூலையில் அதே தக்காளி கிலோ 100 ரூபாயைத் தாண்டியது. மலிந்த நாளில் வாங்கிச் சுண்ட வைத்து அரிதான நாளில் உண்பதே தொக்கின் பொருளாதாரம். மாதச் சம்பளக்காரரின் குடும்பத்திற்கு அது சிறு சேமிப்பு.

வந்தவர்களும் சென்றவர்களும்

1871-இல் பம்பாயிலிருந்து சென்ற இருப்புப் பாதையும் சென்னையிலிருந்து வந்த பாதையும் ராய்ச்சூரில் இணைந்தன. தமிழர் பெருவாரியாக இந்நகருக்கு வர அது வழி திறந்தது. நெல்லைச் சீமையிலிருந்து வந்தோர் தாராவியின் தோல் பதனிடும் தொழிலில் உழைத்தனர். 1896-இல் பரவிய பிளேக் நோய்க்குப் பின், 1898-இல் அமைக்கப்பட்ட நகர மேம்பாட்டு அறக்கட்டளை தாதர், மாதுங்காப் பகுதிகளைத் திட்டமிட்டு வகுத்தது. அங்கே தென்னாட்டு எழுத்தர்களும் ஆசிரியர்களும் குடியேறினர். பின்னர் செம்பூரும் நம்மவரால் நிறைந்தது. இன்றும் விடியுமுன்னே தாராவியிலிருந்து இட்டிலியும் சட்டினியும் சுமந்து நகரெங்கும் செல்லும் தமிழர்கள், இம்மாநகரின் பசியை ஆற்றி வருகின்றனர்.

அன்று தனித்து வந்த இளைஞர்க்கு ஊரிலிருந்து வந்த ஊறுகாய் ஜாடியே உறவு. ஜாடி தீர்ந்தபின் இங்கே செய்து கொள்ள வேண்டி வந்தது. மணமாகி வந்த பெண்களுக்கோ அருகில் கேட்டறிய மாமியாரும் இல்லை, தாயாரும் இல்லை. 1951-இல் மீனாட்சி அம்மாள் வெளியிட்ட "சமைத்துப் பார்" என்னும் நூல் இத்தகைய பெண்களுக்குத் தாயின் இடத்தில் நின்றது. வாய்மொழியாக இருந்த கலையை அளவோடு எழுத்தில் பதிந்தது அந்நூலின் பெருந்தொண்டு.

இந்நகரில் 1960-களின் பிற்பகுதியில் தென்னாட்டவரை அயலார் என்று சுட்டிய கிளர்ச்சி எழுந்ததையும், நம்மவர் உணவகங்கள் சில தாக்கப்பட்டதையும் மூத்தோர் மறந்திரார். அக்காலத்தின் கசப்பு பெரும்பாலும் நீங்கிவிட்டது. ஆயினும் அயலார் யார் என்ற கேள்விக்கு அடுக்களை கூறும் விடை கேட்கத்தக்கது. 1676-இல் ஏகோஜி தஞ்சையில் மராத்திய அரசை நிறுவினார். 1855 வரை அம்மரபு அங்கே நிலவியது. அவர்களோடு வந்த மக்கள் தமிழகத்திலேயே தங்கினர். அவர்கள் சமையலும் தங்கியது. நம் பிட்லை மராத்தியரின் பிட்லாவின் உறவு. டாங்கர்ப் பச்சடி அவர்களுடைய டாங்கரின் வழியது. ரசவாங்கியில் உள்ள வாங்கி, கத்தரிக்காயைக் குறிக்கும் மராத்திச் சொல். துருவிய மாங்காயில் மராத்தியர் செய்யும் "டக்கு" என்பதைச் சுவைத்தவர்க்கு நம் மாங்காய்த் தொக்கு நினைவுக்கு வராமல் போகாது. அவர்கள் நம் ஊருக்கு வந்தனர். நாம் அவர்கள் ஊருக்கு வந்தோம். இரு வீட்டாரும் கொண்டும் கொடுத்தும் வாழ்ந்திருக்கின்றோம்.

சீமைத் தக்காளி என்ற பெயரிலிருந்து சீமை உதிர்ந்தது எவ்வாறு? எவரும் ஆணையிட்டு அதனை நீக்கவில்லை. நாள்தோறும் அடுப்பில் ஏறி, நாள்தோறும் இலையில் அமர்ந்து, உழைத்துப் பயன்பட்டு அக்கனி அந்த உரிமையைப் பெற்றது. பிறந்த இடத்தால் வரும் உரிமை ஒன்று. பயன்பட்டு வாழ்வதால் வரும் உரிமை மற்றொன்று. இரண்டாவது, முன்னதற்கு எவ்வகையிலும் தாழ்ந்ததன்று.

ஆனால் அந்த உரிமை நாள்தோறும் செய்து வந்தால் மட்டுமே நிலைக்கும். வீட்டில் செய்வோர் குறைந்து புட்டியை வாங்குவோர் பெருகினால், கண்ணால் அளக்கும் அக்கல்வி ஒரு தலைமுறையில் மறைந்து விடும். ஆதலின் சங்க உறுப்பினர்களுக்கு ஒரு வேண்டுகோள். இவ்வாண்டு தக்காளி மலியும் நாளில், இல்லத்து மூத்தோரை அடுப்பருகே அமர்த்திப் பிள்ளைகள், ஆண் பெண் என்ற வேறுபாடின்றி, கரண்டியைத் தாமே பிடித்துக் கிளறட்டும். ஒவ்வொரு வீட்டின் அளவையும் முறையையும் ஒரு குறிப்பேட்டில் எழுதி வைக்கட்டும். எந்த ஊரார் முறை, யாரிடம் கற்றது என்பதையும் அதில் சேர்க்கட்டும். அரசர்களின் வரலாற்றை எழுதப் பலர் உளர். நம் வீட்டு ஜாடியின் வரலாற்றை நாமே எழுதிக் கொள்ள வேண்டும்.

வாழ்க தமிழ்! வளர்க இம்மாநகரின் ஒற்றுமை!